சேமிப்புக்குக் காவல் யார்?

நம் இல்லங்களில் பணம் சேர்வது எளிதன்று. பாலைவன வெயிலில் உழைத்த சபுராளி அனுப்பும் தொகையிலிருந்து ஒரு பகுதி, கடை வருமானத்தில் மிஞ்சிய சில்லறை, இல்லத்தரசி அஞ்சறைப் பெட்டியில் ஒளித்து வைத்த நோட்டுகள் எனத் துளித்துளியாகச் சேருவதே நம் சேமிப்பு. மகளின் நிக்காஹ், மகனின் மேற்படிப்பு, பெற்றோரின் ஹஜ் பயணம் என ஒவ்வொரு துளிக்கும் ஒரு கனவு உண்டு. அத்தகைய பணத்தை ஒருவரிடம் ஒப்படைக்கும்போது, "இதைக் காப்பவர் யார்? காப்பவரைக் கண்காணிப்பவர் யார்?" என்னும் இரு வினாக்களை நாம் கேட்கிறோமா? பெரும்பாலும் கேட்பதில்லை. ஒப்படைக்கப்படுபவரின் தொழுகையையும் தோற்றத்தையும் பார்த்து அமைதி அடைந்துவிடுகிறோம்.

இரண்டு நிகழ்ச்சிகளை அருகருகே வைத்துப் பார்ப்போம்.

கரூரும் பெங்களூரும்

1926ஆம் ஆண்டு கரூரில் தோன்றிய இலட்சுமி விலாஸ் வங்கி, வாராக்கடன் சுமையால் நலிவுற்றது. 2020 நவம்பர் 17 அன்று மத்திய அரசு, ரிசர்வ் வங்கியின் பரிந்துரையின் பேரில், அதன் மீது தடைக்கால ஆணை பிறப்பித்தது. கணக்கு வைத்திருந்தோர் 25,000 ரூபாய்க்கு மேல் எடுக்க இயலாது என்று அறிவிக்கப்பட்டதும் தமிழகமெங்கும் கலக்கம் பரவியது. ஆனால் அதே நவம்பர் 27 அன்று அவ்வங்கி, டிபிஎஸ் வங்கியின் இந்தியக் கிளை நிறுவனத்தோடு இணைக்கப்பட்டது, தடை நீங்கியது, வைப்பாளர்களின் பணம் முழுமையாகக் காப்பாற்றப்பட்டது. பங்குதாரர்கள் தம் முதலை இழந்தனர் என்பதும் உண்மையே. எனினும் நம்பிப் பணம் போட்ட எளியோர் பத்தே நாள்களில் அச்சம் நீங்கினர்.

இதற்கு ஓராண்டுக்கு முன் பெங்களூரில் நிகழ்ந்தது வேறு. 2006இல் தொடங்கப்பெற்ற ஐ மானிட்டரி அட்வைசரி என்னும் நிறுவனம், வட்டியில்லா ஹலால் இலாபம் தருவதாகக் கூறி முஸ்லிம் குடும்பங்களிடமிருந்து பெருந்தொகை திரட்டியது. நகைக்கடை நடத்தியது, ஓர் அரசுப் பள்ளியைச் சீரமைத்து நற்பெயர் ஈட்டியது. 2019 ஜூன் மாதம் அதன் நிறுவனர் ஓர் ஒலிப்பதிவை விட்டுவிட்டு நாட்டைவிட்டு வெளியேறினார். ஜூலையில் திரும்பி வந்தபோது டெல்லியில் கைது செய்யப்பட்டார். சுமார் 40,000 பேர் காவல்துறையில் முறையிட்டனர். திரட்டப்பட்ட தொகை சுமார் 4,000 கோடி ரூபாய் என மதிப்பிடப்பட்டது. வழக்கு மத்தியப் புலனாய்வுத் துறைக்கு மாற்றப்பட்டது. முதலை மீட்பதற்காக விதவைகளும் முதியோரும் அலுவலகம் அலுவலகமாக அலைய நேர்ந்தது.

இரண்டிலும் நிருவாகம் தவறியது. இரண்டிலும் மக்கள் நம்பினர். பின் முடிவு மட்டும் வேறுபட்டது ஏன்? முன்னது அரசுக் கண்காணிப்பின் வேலிக்குள் இருந்தது. பின்னது வேலிக்கு வெளியே நின்றது. வேறுபாடு இதுவே.

வேலி எழுந்த வரலாறு

இந்த வேலி ஒரே நாளில் எழுந்ததன்று. ஒவ்வொரு கம்பியும் யாரோ சிலரின் கண்ணீருக்குப் பின்னரே நடப்பட்டது.

1906 அக்டோபரில் சென்னையின் புகழ்பெற்ற ஆர்பத்நாட் நிறுவனம் நொடித்தபோது ஆயிரக்கணக்கானோர் வாழ்நாள் சேமிப்பை இழந்தனர். அன்று நாட்டில் மத்திய வங்கி என ஒன்றில்லை. ரிசர்வ் வங்கி 1935 ஏப்ரல் 1 அன்றுதான் தோன்றியது. 1938இல் திருவாங்கூர் நேஷனல் அண்டு குயிலான் வங்கி வீழ்ந்தது. வங்கிகளுக்கெனத் தனிச் சட்டம் 1949இல் வந்தது. ரிசர்வ் வங்கியின் உரிமம் இன்றி எவரும் வங்கித் தொழில் நடத்தலாகாது என்பது அச்சட்டத்தின் அடிப்படை. 1960இல் கேரளத்தின் பாலாய் சென்ட்ரல் வங்கி மூடப்பட்டதும் நாடு மீண்டும் அதிர்ந்தது. அதன் பயனாகவே 1961இல் வைப்புத்தொகைக் காப்பீட்டுச் சட்டம் இயற்றப்பட்டு, 1962 ஜனவரி 1 முதல் நடைமுறைக்கு வந்தது.

தொடக்கத்தில் ஒருவருக்கு 1,500 ரூபாய் வரையே காப்பீடு இருந்தது. 1993இல் அது 1 இலட்சமாயிற்று. 2019 செப்டம்பரில் மும்பையைச் சேர்ந்த பஞ்சாப் மகாராஷ்டிரக் கூட்டுறவு வங்கி முடங்கி, முதலில் 1,000 ரூபாய் மட்டுமே எடுக்கலாம் என்ற நிலை வந்தபோது வைப்பாளர்கள் தெருவில் நின்று கதறினர். அதன் பின் 2020 பிப்ரவரி 4 முதல் காப்பீட்டு வரம்பு 5 இலட்சமாக உயர்த்தப்பட்டது. வங்கி முடக்கப்பட்டால் 90 நாள்களுக்குள் காப்பீட்டுத் தொகை கிடைக்க வேண்டும் என்று 2021இல் சட்டமும் திருத்தப்பட்டது.

இக்காப்பீட்டின் நுட்பங்களை ஒவ்வொரு குடும்பமும் அறிந்திருத்தல் நலம். காப்பீட்டுக் கட்டணத்தை வங்கியே செலுத்துகிறது, நாம் செலுத்துவதில்லை. ஒரே வங்கியின் பல கிளைகளில் ஒருவர் தம் பெயரில் வைத்துள்ள கணக்குகள் யாவும் ஒன்றாகக் கூட்டப்பட்டே வரம்பு கணக்கிடப்படும். வெவ்வேறு வங்கிகளில் வைத்தால் தனித்தனியே காப்பீடு உண்டு. கூட்டுறவு வங்கிகளுக்கு இது பொருந்தும். ஊரகத் தொடக்கக் கூட்டுறவுக் கடன் சங்கங்களுக்குப் பொருந்தாது.

வட்டியை அஞ்சுவோர் செல்வதெங்கே?

இங்கேதான் நம் சமுதாயத்திற்கே உரிய ஓர் இடர்ப்பாடு எழுகிறது. வட்டி ஹராம் என்பதால் வங்கியை அணுகத் தயங்கும் இறையச்சமுள்ள குடும்பங்கள் வேலிக்கு வெளியே நிற்கின்றன. அவர்களுடைய இறையச்சத்தையே தூண்டிலாக்கிச் சிலர் வலை விரிக்கின்றனர். வட்டியைத் தவிர்க்கும் ஆர்வம் பாராட்டத்தக்கது. ஆனால் வட்டியிலிருந்து தப்பி மோசடியில் வீழ்வது விவேகமாகுமா?

முதலாவதாக ஓர் உண்மையை நினைவிற்கொள்க. வட்டியில்லா வங்கிச் சேவைக்கெனத் தனிப் பிரிவு தொடங்கலாம் என 2015இல் ரிசர்வ் வங்கியின் குழு ஒன்று பரிந்துரைத்தது. ஆயினும் அதை மேற்கொண்டு முன்னெடுப்பதில்லை எனத் தீர்மானித்திருப்பதை 2017இல் ரிசர்வ் வங்கி தெரிவித்தது. எனவே, "நாங்கள் இஸ்லாமிய வங்கி" என்று சொல்லிக்கொண்டு எவரேனும் உங்கள் வாசலுக்கு வந்தால், ரிசர்வ் வங்கியின் உரிமத்தைக் காட்டுமாறு முதலில் கேளுங்கள்.

இரண்டாவதாக, வட்டி வேண்டாதோர்க்கு வங்கியில் இடமே இல்லை என்பதும் சரியன்று. நடப்புக் கணக்குகளுக்கு வங்கிகள் வட்டி வழங்குவதில்லை. அவற்றுக்கும் மேற்சொன்ன காப்பீடு உண்டு. குறைந்தபட்ச இருப்பு, கட்டணம் ஆகியவற்றை விசாரித்தறிந்து, உலமாக்களின் ஆலோசனையையும் பெற்று முடிவு செய்யலாம்.

மூன்றாவது, மார்க்கச் சட்டமே கற்பிக்கும் ஒரு சோதனை. ஒருவர் முதல் போட, மற்றவர் உழைக்க, இலாபத்தைப் பகிரும் முளாரபா முறையில் இலாப விகிதத்தை மட்டுமே முன்கூட்டிப் பேசலாம். முதலுக்கு இழப்பே வராது, மாதந்தோறும் இவ்வளவு தொகை தவறாமல் வரும் என்று உறுதி கூறினால் அது முளாரபாவே அன்று. இழப்பில் பங்கு இல்லாத இடத்தில் ஹலால் இலாபம் என்னும் பெயர்ப்பலகைக்குப் பொருள் என்ன? ஆக, "உறுதியான ஹலால் வருமானம்" என்ற சொற்றொடரே எச்சரிக்கை மணியாக நம் செவிகளில் ஒலிக்க வேண்டும்.

பெங்களூர் நிறுவனம் இன்னொரு தந்திரமும் செய்தது. பணம் கொடுத்தோரைக் கூட்டாண்மை நிறுவனத்தின் பங்காளிகள் என எழுதி வாங்கியது. "இது வைப்புத்தொகை அன்று, பங்காளியின் முதலீடு" என்று கூறி ரிசர்வ் வங்கியின் விதிகளிலிருந்து நழுவ அது வழியாயிற்று. ரிசர்வ் வங்கி மாநில அரசை எச்சரித்திருந்தும் நடவடிக்கை தாமதமாயிற்று. நற்சான்று தர இலஞ்சம் பெற்றதாகக் குற்றஞ்சாட்டப்பட்டு அரசு அதிகாரிகளும் கைதாயினர். வேலி மட்டும் போதாது, காவலரும் விழித்திருக்க வேண்டும் என்பதற்கு இதுவே சான்று.

கண்காணிப்பு நமக்குப் புதிதன்று

"அரசு ஏன் நம் கொடுக்கல் வாங்கலில் தலையிட வேண்டும்?" எனச் சிலர் வினவலாம். சந்தையைக் கண்காணிப்பது நம் மார்க்க மரபுக்கு அயலானதன்று. நபிகள் நாயகம் (ஸல்) அவர்கள் கடைத்தெருவில் ஒரு தானியக் குவியலுக்குள் கையை விட்டு, அடியில் இருந்த ஈரத்தைக் கண்டறிந்து, மக்களை ஏமாற்றுபவர் தம்மைச் சார்ந்தவரல்லர் எனக் கண்டித்த செய்தியை நாம் அறிவோம். மேற்பரப்பு உலர்ந்திருந்தது, ஈரம் உள்ளே இருந்தது. நிதி நிறுவனத்தின் மேற்பரப்பு விளம்பரம், உள்ளிருப்பது கணக்கேடு. அதனுள் கைவிட்டுப் பார்ப்பதே கண்காணிப்பு.

பிற்கால இஸ்லாமிய அரசுகள் இப்பணிக்கென முஹ்தஸிப் என்னும் அதிகாரியை நியமித்தன. 1058இல் மறைந்த அறிஞர் அல்மாவர்தீ தம் ஆட்சியியல் நூலில் இப்பதவிக்கென ஒரு பகுதியையே ஒதுக்கியுள்ளார். திருக்குர்ஆனின் மிக நீண்ட வசனம், தவணைக் கடனை எழுதி வைத்துச் சாட்சிகளை ஏற்படுத்துமாறு பணிக்கும் வசனமே என்பதும் சிந்திக்கத்தக்கது. நம்பிக்கை இருக்கும்போதே எழுத வேண்டும் என்பதல்லவா அதன் பாடம்?

நாம் செய்ய வேண்டுவன

பணம் கேட்டு வருபவர் எவராயினும், எந்தச் சட்டத்தின் கீழ், எந்த அதிகாரியிடம் பதிவு பெற்றுள்ளார் என வினவுங்கள். வங்கிக்கும் வைப்புத்தொகை திரட்டும் நிதி நிறுவனத்துக்கும் ரிசர்வ் வங்கியின் அனுமதி வேண்டும். சீட்டு நடத்துவோர் 1982ஆம் ஆண்டுச் சீட்டு நிதிச் சட்டத்தின்படி பதிவு செய்திருக்க வேண்டும். ரிசர்வ் வங்கி 2016இல் தொடங்கிய "சாசெத்" என்னும் இணையதளத்தில், ஒரு நிறுவனம் அனுமதி பெற்றதா என அறியலாம், புகாரும் அளிக்கலாம்.

2019ஆம் ஆண்டின் முறைப்படுத்தப்படாத வைப்புத்திட்டத் தடைச் சட்டம், இத்தகைய திட்டங்களை நடத்துவோரை மட்டுமன்றி, அவற்றில் சேருமாறு பிறரைத் தூண்டுவோரையும் தண்டிக்கிறது. தரகுத் தொகைக்காக உறவினரைச் சேர்த்துவிடும் சகோதர சகோதரிகள் இதை நன்கு உணர வேண்டும். தமிழகத்தில் ஏமாற்றப்பட்டோர் பொருளாதாரக் குற்றப் பிரிவை அணுகலாம். மோசடி நிறுவனத்தின் சொத்தை முடக்க 1997ஆம் ஆண்டு வைப்பாளர் நலன் பாதுகாப்புச் சட்டம் வழி செய்கிறது. ஆனால் முடக்கப்பட்ட சொத்து பணமாகிக் கைக்கு வர ஆண்டுகள் பல ஆகும். வருமுன் காப்பதே அறிவுடைமை.

முறையான வங்கியே நமக்கு அநீதி இழைத்தால்? முதலில் வங்கிக்கு எழுத்து வடிவில் முறையிட்டு ஒப்புகை பெறுக. 30 நாள்களில் தீர்வு கிட்டாவிடில் ரிசர்வ் வங்கியின் குறைதீர்ப்பாளரிடம் கட்டணமின்றி முறையிடலாம். 2021 நவம்பரில் இம்முறை நாடெங்கும் ஒருங்கிணைக்கப்பட்டது. வழக்கறிஞர் தேவையில்லை, உரிய ஆவணங்களும் பொறுமையும் போதும்.

ஜமாஅத்துகளுக்கும் ஒரு பொறுப்பு உண்டு. பள்ளிவாசல் வளாகத்தில் முதலீட்டு விளம்பரம் செய்ய வருவோரிடம் பதிவுச் சான்றைக் கேட்டுப் பெறாமல் இடமளிக்கலாகாது. இமாமின் ஒரு பாராட்டுச் சொல், எளியோர் பலரின் கையொப்பமாக மாறிவிடும். மஹல்லாவில் சட்டமும் கணக்கும் அறிந்த இருவர் மூவரை அமர்த்தி, ஆலோசனை கேட்டு வருவோர்க்கு வழிகாட்டினால், பல வீடுகளின் கண்ணீர் தடுக்கப்படும்.

ஒட்டகத்தைக் கட்டி வைத்துவிட்டு இறைவனிடம் பொறுப்புச் சாட்டுமாறு வழிகாட்டப்பட்ட சமுதாயம் நாம். உரிமம் பார்ப்பதும், எழுதி வாங்குவதும், தட்டிக் கேட்பதும் கயிற்றைக் கட்டும் செயல்களே. அவை இறைநம்பிக்கைக்குக் குறைவன்று. அமானிதம் பேணுவோராகவும், அமானிதத்தைத் தகுதியுடையோரிடம் மட்டுமே ஒப்படைப்போராகவும் வாழ வல்ல அல்லாஹ் நம் அனைவருக்கும் அருள் புரிவானாக! ஆமீன்.