மதுரை வட்டார வீடுகளில் உள்ளறைக் கதவின் அகலம்: நிலையளவும் வழியளவும்

கதவின் அகலம் என்று ஓர் எண்ணைக் குறிப்பிடும்போது மூன்று வெவ்வேறு அளவுகள் ஒன்றாகக் கலந்துவிடுகின்றன: நிலையின் வெளியளவு, கதவுப் பலகையின் அகலம், ஆள் கடந்து செல்லும் வழியின் அகலம். மதுரை நகரிலும் அதனைச் சூழ்ந்த சமவெளி ஊர்களிலும் தச்சரும் கொத்தனாரும் பெரும்பாலும் முதலாவதையே வழங்குகின்றனர். தலைவாசலுக்கு மூன்றரைக்கு ஏழடி, படுக்கையறைக்கு மூன்றுக்கு ஏழு, குளியலறைக்கு இரண்டரைக்கு ஏழு என்பது இங்குப் பரவலான கணக்கு. சுவரில் எவ்வளவு இடம் விடவேண்டும் என்பதை அறிய இது போதும். குடியிருப்போருக்கு வேண்டிய அளவு வேறு.

மூன்றடி நிலையை எடுத்துக்கொள்வோம். நிலைக்கால் ஒவ்வொன்றும் 3 அங்குல அகலமுடையதாயின் 36 அங்குலத்தில் 6 கழிந்து 30 அங்குல வழியே எஞ்சும். கதவு பொருந்தி அமர்வதற்காக இருகால்களிலும் அரை அங்குலக் காடி எடுப்பதால் பலகை ஏறத்தாழ 31 அங்குலம் இருக்கும். கதவு செங்கோணத்தில் மட்டும் திறந்து நின்றால் அதன் கனமும் வழியில் சிறிது கவரும். இரட்டைக் கதவிட்டு ஒன்றை மட்டும் திறக்கும் பழைய வீடுகளில் கிடைப்பது இதிற் பாதியே.

இந்தியத் தரநிலைகளும் திறப்பளவையும் பலகையளவையும் பிரித்தே காட்டுகின்றன. மரக்கதவு நிலைகளுக்கான ஐ.எஸ். 4021 வகுத்த '10 டி.எஸ். 21' என்னும் குறியீட்டில் 10 என்பது 1000 மி.மீ. சுவர்த்திறப்பு, அதற்குரிய பலகை 900 மி.மீ. மட்டுமே. வழியளவு இதனினும் குறைவு.

கடந்து செல்வதைக் கொண்டு வாயிலை அளக்கும் முறை இவ்வூருக்குப் புதிதன்று. பாண்டியன் அரண்மனையைப் பாடும் நெடுநல்வாடை, வென்றெடுத்த கொடியோடு யானை புகத்தக்கதாக வாயிலின் உயரத்தை உணர்த்துகிறது. அது கோட்டை வாயில். உள்ளறைக் கதவன்று என்பது உண்மையே. ஆயினும் அளவுகோல் அங்கு யானை, இன்று மரச்சட்டம்.

இதன் விளைவு கடுமையாகத் தெரியுமிடம் குளியலறை. இரண்டரை அடி நிலையில் வழி 24 அங்குலம், அதாவது 61 செ.மீ. சக்கர நாற்காலியின் அகலமோ பொதுவாக 65 செ.மீ. அளவினது, சக்கரத்தைத் தள்ளும் கைகளுக்கும் இடம் வேண்டும். பீரோவைப் பக்கவாட்டில் திருப்பி நுழைத்துவிடலாம். நாற்காலியில் அமர்ந்த முதியவரை அவ்வாறு நுழைக்க இயலாது. வீட்டிலேயே மிகுதியும் தேவைப்படும் அறைக்கு மிகக் குறுகிய கதவு இடுவது சிக்கனமாகத் தோன்றலாம். அது பிழையான சிக்கனம் என்பதே இக்கட்டுரையின் கருத்து.

தேசியக் கட்டட விதித்தொகுப்பு 2016, தடையற்ற அணுகலுக்கான 2021ஆம் ஆண்டின் ஒருங்கிணைந்த வழிகாட்டுதல்கள் ஆகிய இரண்டும் அணுகத்தக்க கதவுக்கு 900 மி.மீ. தடையற்ற வழியை வேண்டுகின்றன. மாற்றுத்திறனாளிகள் உரிமைச் சட்டம் 2016 பொதுப் பயன்பாட்டுக் கட்டடங்களில் அணுகலைக் கட்டாயமாக்குகிறது. தனி வீடுகளில் முடிவு உரிமையாளரையும் தச்சரையும் சார்ந்தது. 900 மி.மீ. என்பது ஏறத்தாழ 36 அங்குலம். மேற்கண்ட 3 அங்குலக் கால்களைக் கொண்டு அவ்வழியைப் பெற 42 அங்குல நிலை வேண்டும். அதாவது தலைவாசலுக்கு இடும் மூன்றரை அடியே உள்ளறைக்கும் வேண்டும். இடம் நெருக்கடியானால், குளியலறைக்குச் சுவரையொட்டி நகரும் கதவிடலாம். குறைந்தது கதவை வெளிப்புறம் திறக்குமாறேனும் அமைக்கவேண்டும். உள்ளே ஒருவர் கதவருகே விழுந்துகிடப்பின், உட்புறம் திறக்கும் கதவை வெளியிலிருந்து தள்ளித் திறத்தல் அரிது.