மாடிகளுக்குக் கீழே இருக்கும் தண்ணீர்

யாழ்ப்பாணப் பொது நூலகத்துக்குப் பக்கத்தில் நிற்கும் பல மாடிப் பண்பாட்டு மையம் இந்தியா தந்த நன்கொடை. 2015 மார்ச்சில் நரேந்திர மோடி அடிக்கல் நாட்டினார். 2020இல் வேலை முடிந்தது. 2022 மார்ச்சில் இணையவழியில் ஒரு திறப்பு. 2023 பெப்ரவரியில் ஜனாதிபதி ரணில் விக்கிரமசிங்க வந்து மக்களிடம் கையளித்த இன்னொரு விழா. 2025 ஜனவரியில் அதற்குத் திருவள்ளுவரின் பெயரைச் சூட்டினார்கள். யாழ்ப்பாணம் எங்கே என்று எதிர்ப்பு எழுந்ததும் ஊர்ப் பெயரையும் முன்னால் சேர்த்தார்கள்.

பெயர்ப் பலகைக்காக இவ்வளவு பேசிய ஊர், மாடிக் கட்டடங்களின் கழிவுக் குழாய் எங்கே போய் முடிகிறது என்று மட்டும் பேசுவதில்லை. மையத்தைக் குறைசொல்வது என் நோக்கமல்ல. அதன் உயரத்தைப் பார்த்துப் பெருமைப்படும் அதே கண்ணால், நகருக்குள் எழும்பும் தங்குவிடுதிகளையும் தனியார் வைத்தியசாலைகளையும் கடைத் தொகுதிகளையும் பார்க்கிறோமே, அதுதான் கவலை.

குடாநாட்டில் ஆண்டு முழுக்க ஓடும் ஆறு கிடையாது. வழுக்கையாறுகூட மழைக்கு மட்டும் உயிர் பெறுவது. வடகீழ்ப் பருவமழை சுண்ணாம்புக் கல்லின் வெடிப்புகளிலும் குகைகளிலும் இறங்கித் தேங்குகிறது; அதைத்தான் கிணற்றில் அள்ளுகிறோம். அந்த நன்னீர், கீழேயுள்ள கடல்நீரின் மேல் மிதக்கிறது. புத்தூர்ப் பக்கம் நிலாவரைக் கிணற்றில் மேலே நன்னீர், ஆழத்தில் உப்பு. நீரியல் கணக்குப்படி, கடல்மட்டத்துக்கு மேல் 1 மீற்றர் நன்னீர் நின்றால் கீழே ஏறத்தாழ 40 மீற்றர் இருக்கும். மேலே ஒரு மீற்றர் இறங்கினால் உப்பு எவ்வளவு ஏறும் என்பதை இதிலிருந்தே கணக்கிடலாம்.

நகர் முழுவதற்குமான கழிவுநீர்க் குழாய்த் தொகுதி யாழ்ப்பாணத்தில் இல்லை. வீட்டுக்கு வீடு மலக்குழி, அதன் பக்கத்தில் உறிஞ்சு குழி. அகன்ற வளவில் ஒரு குடும்பம் இருந்த காலத்தில் மண் இதைத் தாங்கியது. இன்று அதே வளவில் 50 அறை விடுதி வந்தால்? அறைக்கு இருவர், ஆளுக்கு 150 லீற்றர் என்று வையுங்கள்: நாளொன்றுக்கு 15,000 லீற்றர். திண்மக் கழிவை பவுசர் வந்து அள்ளிப் போகும். நீர் கல்லுக்குள் இறங்கும். வெடிப்பு நிறைந்த சுண்ணாம்புக் கல் வடிகட்டி அல்ல.

மலசலத்திலுள்ள நைதரசன் மண்ணுக்குள் நைத்திரேற்றாக மாறுகிறது. குடிநீரில் லீற்றருக்கு 50 மில்லிகிராம் வரைதான் இருக்கலாம் என்கிறது உலக சுகாதார நிறுவனம். குடாநாட்டின் பல கிணறுகள் இந்த அளவைத் தாண்டியிருப்பதை ஆய்வுகள் திரும்பத் திரும்பக் காட்டியிருக்கின்றன. வலிகாமத் தோட்டங்களில் கொட்டும் யூரியாவுக்கும் இதில் பெரும் பங்குண்டு. ஆனால் நகருக்குள் வெங்காயம் விளைவதில்லை. கொதிக்க வைத்தால் கிருமி சாகும், நைத்திரேற்று போகாது. நீர் வற்ற வற்ற அதன் செறிவு கூடும். அந்த நீரில் பால்மா கரைத்துக் கொடுத்தால் கைக்குழந்தையின் இரத்தம் ஒட்சிசனைச் சுமக்கும் திறனை இழக்கக்கூடும்.

நிலத்தடி நீர் வேலிக்குள் நிற்காது என்பதைச் சுன்னாகம் காட்டியது. மின்நிலையப் பக்கமிருந்து பரவிய எண்ணெய்க் கழிவு சுற்றுவட்டாரக் கிணறுகளைக் கெடுத்த வழக்கில், மின் உற்பத்தி நிறுவனம் 2 கோடி ரூபா இழப்பீடு செலுத்த வேண்டுமென்று உயர் நீதிமன்றம் 2019இல் தீர்ப்பளித்தது. எண்ணெய் மணத்தது, மிதந்தது. ஆகவே சனம் கண்டுபிடித்தது. நைத்திரேற்றுக்கு நிறமும் இல்லை, மணமும் இல்லை.

தாளையடியில் கடல்நீரை நன்னீராக்கும் நிலையம் 2024 ஓகஸ்டில் திறக்கப்பட்டது. கொள்ளளவு நாளுக்கு 24,000 கனமீற்றர். இனிக் கிணறு எதற்கு என்று கேட்பவர்கள் ஒன்றை மறக்கிறார்கள். குழாயில் வரும் தண்ணீரில் பெரும்பகுதி கழிவுநீராகத்தான் வெளியே வரும். வடிகால் இல்லாத ஊரில் அதுவும் உறிஞ்சு குழிக்கே போகும். தண்ணீரைக் கொண்டுவரக் காசு தேடினோம், கழிவைக் கொண்டுபோகத் தேடவில்லை. திட்டமிடலில் இது தலைகீழ்.

உங்கள் ஒழுங்கையில் மாடிக் கட்டடம் ஒன்று எழும்பினால், மாநகர சபைக்குப் போய் அதன் அனுமதிக் கோப்பில் கழிவுநீருக்கு என்ன வழி எழுதியிருக்கிறது என்று கேளுங்கள். உங்கள் கிணற்று நீரையும் நீர் வழங்கல் சபையின் ஆய்வுகூடத்தில் பரிசோதியுங்கள், நைத்திரேற்று உட்பட.