ஊமைப் படத்தில் பாட்டு கேட்குமா?

போன ஆண்டு விழாவில் நாங்க போட்ட ஊமை நாடகம் ஞாபகம் இருக்கா? கடைசிக் காட்சியில் எல்லாரும் விழுந்து விழுந்து சிரிச்சீங்க. ஆனா அது சிரிக்கிற இடமே இல்லை! ஏன் அப்படி ஆச்சுன்னு யோசிச்சதைத்தான் எழுதுறேன்.

அது அமெரிக்க எழுத்தாளர் ஓ. ஹென்றி 1904-இல் எழுதிய கதை. சோப்பி என்பவனுக்கு வீடு கிடையாது. குளிர்காலம் வருது. மூணு மாசம் ஜெயிலுக்குப் போனா சோறும் படுக்கையும் கிடைக்கும்னு கணக்குப் போடுறான். கடைக் கண்ணாடியை உடைக்கிறான், காசில்லாம ஓட்டல்ல சாப்பிடுறான், அடுத்தவர் குடையைத் தூக்கிட்டுப் போறான். யாருமே பிடிக்க மாட்டேங்கிறாங்க! கடைசியில் சர்ச்சிலிருந்து வரும் இசையைக் கேட்டு மனசு மாறி, நாளைக்கு வேலை தேடலாம்னு நிற்கிறான். அப்போ பார்த்து போலீஸ் பிடிச்சிடுது.

ஓ. ஹென்றி உயிரோடு இருக்கும்போதே, 1909-இல், டி. டபிள்யூ. கிரிஃபித் இதைத் தழுவிச் சின்ன ஊமைச் சிரிப்புப் படம் எடுத்தார். அவரோட கிறிஸ்துமஸ் பரிசுக் கதையையும் அதே வருஷம் 'தி சாக்ரிஃபைஸ்' என்று எடுத்தார். கணவனின் கடிகாரத்துக்குச் சங்கிலி வாங்க மனைவி கூந்தலை விற்கிறாள். அவள் கூந்தலுக்குச் சீப்பு வாங்க அவன் கடிகாரத்தை விற்கிறான். முடி, சீப்பு, கடிகாரம், சங்கிலி என்று எல்லாமே கண்ணுக்குத் தெரியும் பொருள். பேச்சே வேண்டாம்.

எங்க வீட்டில் தறி ஓடும்போது இப்படித்தான். நூல் அறுந்தா அப்பா விரலைக் காட்டுவார், கரைக்கு நாடா போடும் சித்தி நிறுத்திடுவாங்க. ஆனா 'என் மனசு மாறிடுச்சு'ன்னு விரலால சொல்ல முடியுமா?

சோப்பியா நடிச்ச நான், சர்ச்சுக்குப் பதிலா வரதராஜப் பெருமாள் கோயில் கோபுரம் வரைஞ்ச திரை முன்னாடி நின்னு, பாட்டு கேட்கிற மாதிரி காதில் கை வெச்சேன். உங்களுக்கு அது காதுவலியாத் தெரிஞ்சது!

ஊமைப் படம்னா சத்தமே இல்லைன்னு நான் நினைச்சது தப்பு. நடுநடுவே எழுத்து அட்டை காட்டுவாங்க. கொட்டகையில் ஒருத்தர் பியானோ வாசிப்பார். கமல் நடிச்ச 'பேசும் படம்' (1987) கூட வசனம் இல்லாத படம்தான், இசை உண்டு. பாட்டு சார் ஆர்மோனியம் வாசிக்கிறேன்னு சொன்னப்போ, வேண்டாம்னு பிடிவாதம் பிடிச்சது நான்தான்.

இந்த வருஷம் அதே நாடகம் மறுபடி வருது. திரைக்குப் பின்னாடி நாதஸ்வரம் வாசிக்க எட்டாம் வகுப்புத் தம்பி ஒத்துக்கிட்டான். நான் காதைத் தொடவே மாட்டேன்.