கொமிஷனில் கைவைக்கும் முன் கணக்குப் பாருங்கள்

கொட்டாஞ்சேனையில் புடவைக் கடை வைத்திருக்கும் நண்பர் ஒருவர் போன வாரம் என்னை அழைத்தார். "நானா, பொடியன்மாருக்குக் கொடுக்கிற கொமிஷனைப் பாதியாக்கப் போறேன். கொமிஷன் நம்ம விருப்பத்துக்குக் கொடுக்கிறதுதானே, கேக்க யாருக்கு உரிமை இருக்கு?" என்றார். அவசரப்பட வேண்டாம், ஒரு கிழமை பொறுங்கள் என்று சொல்லி வைத்தேன். ஏனென்றால் அதே வார்த்தையை 2022 இல் நானும் சொன்னவன்தான். அதற்கு நான் கட்டிய விலையைச் சகோதர வியாபாரிகளுக்குச் சொல்லத்தான் இதை எழுதுகிறேன்.

அந்த வருடம் மார்ச்சில் ரூபாவை மிதக்க விட்டார்கள். 200 ரூபாவைச் சுற்றி நின்ற டொலர் மே மாதத்தில் 360 ஐத் தொட்டது. வெள்ளவத்தையில் என் கடையில் 2,000 ரூபாவுக்கு எடுத்து 2,600 க்கு விற்ற சாரியை 4,200 க்கு எடுத்து 4,800 க்கு விற்க வேண்டி வந்தது. இலாபம் அதே 600 தான். ஆனால் விற்பனை விலையில் 2 வீதம் கொமிஷன். முன்பு 52 ரூபா கொடுத்த இடத்தில் இப்போது 96 ரூபா. என் வயிறு எரிந்தது. 2 வீதத்தை 1 வீதமாக்கி, யாரிடமும் கேட்காமல், கல்லாப் பெட்டிக்கு மேலே ஒரு தாளை ஒட்டினேன்.

ஒரு சாரியின் கணக்கு மட்டுமே என் கண்ணில் பட்டது. பையன்கள் பார்த்தது ஒரு நாளின் கணக்கு. முன்பு நாளொன்றுக்குப் பத்துச் சாரி விற்றவனுக்கு 520 ரூபா கிடைத்தது. விலை ஏறியதும் நாலு சாரிதான் போகும். பழைய 2 வீதத்திலேயே அவன் கைக்கு 384 தான். என் 1 வீதத்தில் 192! பாண் விலையும் பஸ் கட்டணமும் ஏறிய நேரம் அது.

தீபாவளிக்கு முந்திய சனிக்கிழமை ஆறு பேரும் வேலைக்கு வராமல் காலி வீதி ஓரத்தில் நின்றார்கள். அவர்கள் தமிழ்ப் பிள்ளைகள், நான் முஸ்லிம். மாலைக்குள் அது சம்பளப் பிரச்சினை என்பது மறைந்து, "சோனகர் கடையில் தமிழ்ப் பொடியன்மாரை..." என்று தெருவில் கதை மாறிவிட்டது. அன்று இழந்த வியாபாரத்தை விட அந்தக் கதைதான் என்னைச் சுட்டது.

வெள்ளவத்தைக்கு இது புதிதல்ல. இன்று ஹெவ்லொக் சிட்டி மாடிகள் நிற்கும் நிலத்தில்தான் அன்றைய வெள்ளவத்தை நூற்பு, நெசவு ஆலை இருந்தது. உலகப் பொருளாதார மந்தக் காலத்தில், 1933 இல், சம்பளக் குறைப்பை எதிர்த்து அங்கே ஆயிரத்துக்கு மேற்பட்டோர் வேலைநிறுத்தம் செய்தனர். கொல்வின் ஆர். டி சில்வா அவர்களுடைய சங்கத் தலைவரானார். தொழிலாளரில் பெரும்பாலோர் மலையாளிகள். ஏ. ஈ. குணசிங்கவின் தரப்பு எதிர்ப்பக்கம் நின்றதால், கூலிச் சண்டை சிங்களவர், மலையாளிகள் என்று பிளந்தது. தொண்ணூறு வருடத்துக்குப் பிறகு என் சின்னக் கடை வாசலிலும் அதுதான் நடக்கப் பார்த்தது.

சரி, சட்டத்துக்கு வருவோம். பையன்கள் தொழில் திணைக்களத்தில் முறைப்பாடு கொடுத்தார்கள். சமரசத்துக்கு அழைத்த உத்தியோகத்தர் கொமிஷனைப் பற்றிக் கேட்கும் முன்னர் சம்பளப் புத்தகத்தைக் கேட்டார். அங்கேதான் நான் பிடிபட்டேன். ஊழியர் சேமலாப நிதியை அடிப்படைச் சம்பளத்துக்கு மட்டுமே கட்டி வந்திருக்கிறேன். நம்மவர்களில் பலர் செய்வது இதுதான். ஆனால் 1958 ஆம் ஆண்டின் 15 ஆம் இலக்கச் சட்டத்தின் கீழ் கொமிஷனும் உழைப்பூதியத்தில் சேரும். அதற்கும் ஊழியர் பங்கு 8 வீதம், நமது பங்கு 12 வீதம் கட்ட வேண்டும். விட்டுப்போன பழைய மாதங்களின் 8 வீதத்தைப் பின்னர் பையனிடம் வெட்ட முடியாது. இரண்டையும் முதலாளியே கட்ட வேண்டும். தாமதத்துக்கு மிகைக்கட்டணம் 5 வீதத்தில் தொடங்கி, ஒரு வருடம் தாண்டினால் 50 வீதம்.

சராசரி மாதக் கொமிஷன் 12,000 என்று வையுங்கள். அதில் 20 வீதம் 2,400. வருடத்துக்கு 28,800. பழைய நிலுவையானால் மிகைக்கட்டணம் 14,400. ஆறு பேருக்கு, ஒரு வருடத்துக்கு மட்டும் 2,59,200 ரூபா. ஊழியர் நம்பிக்கைப் பொறுப்பு நிதியின் 3 வீதம் வேறு. கொமிஷனை வெட்டி நான் மிச்சம் பிடிக்க நினைத்ததோ மாதம் 30,000 தான்!

இன்னொன்று. வழமையாகக் கொடுத்து வந்த கொமிஷன் வேலை ஒப்பந்தத்தின் பகுதியாகிவிடுகிறது. எழுத்தில் இல்லாவிட்டாலும் சம்பளப் புத்தகம் சாட்சி சொல்லும். ஒருதலைப்பட்சமாக வெட்டியதால் ஒருவர் விலகினால், "என்னை விலக வைத்தார்" என்று ஆறு மாதத்துக்குள் தொழில் நியாய சபைக்குப் போகலாம். அந்தச் சபை காகிதத்தை மட்டும் பார்ப்பதில்லை, நியாயத்தையும் பார்க்கும்.

கடைசியில் வழி சொன்னது எங்கள் மூத்த சேல்ஸ்மேன்தான். "முதலாளி, வீதத்தை விடுங்க. சாரிக்கு இவ்வளவு என்று பேசுவோம்" என்றார். நாலாயிரத்துக்கு மேற்பட்ட சாரிக்கு 80 ரூபா, அடிப்படையில் மாதம் 2,500 கூட்டுவது என்று முடிந்தது. நாலு சாரி விற்றால் 320. நாளுக்கு 64 ரூபா குறைவு, 26 நாளுக்கு 1,664. அது 2,500 இல் ஈடாகிவிடுகிறது. எனக்கும் விலை ஏறினால் கொமிஷன் ஏறும் என்ற பயம் போயிற்று. எல்லோரும் கையெழுத்து வைத்தோம். பேசும்போது கொள்விலை பில்லை நான் காட்ட வேண்டியிருந்தது. எந்த வியாபாரிக்கும் அது கசக்கும், எனக்கும் கசந்தது. ஆனால் இலாபம் 600 தான் என்பதை அவர்கள் நம்பியது அந்தப் பில்லைக் கண்ட பிறகுதான்.

அன்று எங்கள் அடிப்படை 20,000. இன்று தேசிய ஆகக்குறைந்த மாதச் சம்பளமே 2026 ஜனவரி முதல் 30,000 ரூபா. ஆகவே அடிப்படையைக் குறைத்து வைத்துக் கொமிஷனால் நிரப்பும் பழைய வித்தைக்கும் இடம் சுருங்கிவிட்டது.

கொட்டாஞ்சேனை நண்பரிடம் நேற்று இவ்வளவையும் சொன்னேன். கொஞ்ச நேரம் பேசாமல் இருந்தார். பிறகு, "சேமலாப நிதி எங்கட கடையிலும் அடிப்படைக்குத்தான் போகுது நானா" என்றார். தாளை ஒட்டுவதை விட்டுவிட்டு முதலில் கணக்காளரைப் போய்ப் பாருங்கள் என்றேன்.