மன்னார்ப் படுகொலையும் முத்துக்குளித்துறையும்: 'இனப்படுகொலை' என்னும் சொற்பொருள் பற்றிய ஓர் ஆய்வு

1. தோற்றுவாய்

வேம்பாறு, தூத்துக்குடி, புன்னைக்காயல், மணப்பாடு முதலிய துறைகளை உடைய முத்துக்குளித்துறையும், கடலுக்கு அப்பாலுள்ள மன்னார்த் தீவும் ஒரே வளைகுடாவின் இரு கரைகளாகும். முத்துச் சலாபம் இரு கரையாரையும் வாணிகத்தால் பிணைத்தது, பகையாலும் பிணைத்தது. 1544-ஆம் ஆண்டில் மன்னாரில் நிகழ்ந்த படுகொலை இப்பிணைப்பின் கொடிய விளைவாகும். சமய வரலாற்று நூல்கள் அதனை வேதசாட்சியர் வரலாறாகவும், அரசியல் வரலாற்று நூல்கள் போர்த்துகேசியர் வருகைக்கு ஒரு முன்னுரையாகவும் கூறிச் செல்கின்றன. மக்கட் கூட்டமொன்றை அழிக்கும் குற்றம் எவ்வாறு உருவாகிறது, எவ்விடத்தில் அதனைத் தடுத்திருக்கலாம் என்னும் வினாக்களைக் கொண்டு அந்நிகழ்ச்சியை ஆராய்வதே இக்கட்டுரையின் நோக்கமாகும்.

2. சொல்லும் பொருளும்

'இனப்படுகொலை' என நாம் தமிழில் வழங்குவதற்கு மூலமான சொல்லை இரபேல் லெம்கின் என்னும் போலந்து நாட்டு யூதச் சட்ட அறிஞர் 1944-இல் ஆக்கினார். மன்னார் நிகழ்ச்சிக்கும் அச்சொல்லுக்கும் இடைப்பட்ட காலம் சரியாக நானூறு ஆண்டுகள். 1948 திசம்பர் 9-ஆம் நாள் ஐக்கிய நாடுகள் பொதுச்சபை ஏற்ற உடன்படிக்கை அதற்குச் சட்ட வரையறை தந்தது. நாட்டினம், மரபினம், நிறவினம், சமயம் என்னும் நான்கனுள் ஒன்றால் அமைந்த கூட்டத்தை, அக்கூட்டம் என்பதற்காகவே, முழுமையாகவோ பகுதியாகவோ அழிக்கும் உள்நோக்கத்துடன் செய்யும் செயல்களே இக்குற்றமாகும். இந்தியா 1959-இல் இதனை உறுதிசெய்தது.

ஈண்டு இரண்டு கருத்துகள் நினைவிற் கொள்ளத்தக்கன. கொல்லப்பட்டோர் தொகை மட்டும் இக்குற்றத்தை நிறுவாது, உள்நோக்கமே உயிர்நாடி. அன்றியும், அரசியற் கூட்டங்கள் இவ்வரையறையுள் அடங்கா. மன்னார் நிகழ்ச்சியை ஆராய்வார்க்கு இவ்விரண்டாவது கருத்தே பெருஞ்சிக்கலாகும்.

3. நிகழ்ச்சி

1530-களில் முத்துக்குளித்துறையில் பரதவர்க்கும் முசுலிம் வணிகர்க்கும் இடையே பூசல் முற்றியது. பரதவத் தலைவர்கள் கொச்சிக்குச் சென்று போர்த்துகேசியரின் காவலை நாடினர். 1536, 37-ஆம் ஆண்டுகளில் கடற்கரையூர்கள் திரளாகக் கிறித்தவம் தழுவின. 1538-இல் வேதாளைப் போரில் போர்த்துகேசியர் மரக்காயர் படையை முறியடித்தனர். ஆகவே, ஞானத்தீக்கை அக்கரையில் சமயமாற்றமாக மட்டும் நிற்கவில்லை. எவருடைய காவலில் எவர் வாழ்வது என்பதற்கும் அஃது அடையாளமாயிற்று.

1542-இல் இக்கரைக்கு வந்த பிரான்சிசு சவேரியாரை மன்னார் மக்கள் அழைத்தனர். அவர் தாம் செல்ல இயலாமையின் குரு ஒருவரை அனுப்பினார். அங்குப் பலர் தீக்கை பெற்றனர். மன்னார் அந்நாளில் யாழ்ப்பாண அரசின் ஆட்சிக்கு உட்பட்டது. மன்னன் சங்கிலி 1544-இல் புதுக் கிறித்தவரைக் கொல்வித்தான். இறந்தோர் அறுநூறு முதல் எழுநூறு வரை என்பர். பதினெட்டாம் நூற்றாண்டில் மயில்வாகனப் புலவர் இயற்றிய யாழ்ப்பாண வைபவமாலையும் இக்கொலையைக் குறிப்பிடுகின்றது. சங்கிலி அதன்பின் பௌத்தச் சிங்களரை நாட்டைவிட்டுத் துரத்தினான் என்றும் அந்நூல் கூறும். கால வரையறையில் அந்நூல் பிழைபடுவதுண்டு. எனினும், கிறித்தவர் அல்லாத தமிழ்ப் புலவர் ஒருவரின் நூலும் இக்கொலையை மறையாது உரைத்தமை கருதற்பாலது.

4. வரையறையோடு பொருத்தம்

சங்கிலி கொன்றது சமயத்தாரையா, அரசுப் பகைவரையா? போர்த்துகேசியரின் சமயத்தைத் தழுவினோர் அவருடைய குடிகளாகி விடுவர் என மன்னன் அஞ்சியிருத்தல் கூடும். முத்துக்குளித்துறையில் நடந்ததை அவன் அறியாதவன் அல்லன். இதனைக் கொண்டு இஃது அரசியற் செயலே எனக் கூறுவாரும் உளர். அவர் கூற்று ஓரளவே பொருந்தும். அச்சம் கொலைக்குக் காரணமாகலாம். ஆயின், கொல்லப்படுவோர் எதனால் தேர்ந்தெடுக்கப்பட்டனர் என்பது வேறு வினா. படையெடுத்தோரும் கலகம் செய்தோரும் அங்கு இலர். தீக்கை பெற்றமை ஒன்றே சாவுக்கு உரிய அடையாளமாயிற்று.

எனினும், விரிவான சான்றுகள் பெரும்பாலும் ஒரு பக்கத்தனவே. ஆதலின், இதனை 'இனப்படுகொலை' எனச் சட்டமுறையில் துணிதல் மிகையாகலாம். சமயம் பற்றி ஒரு மக்கட் கூட்டத்தை இலக்காக்கிய பெருங்கொடுமை என்பதில் நமக்கு ஐயமில்லை. 2005-இல் உலகத் தலைவர்கள் காக்கும் பொறுப்பை ஏற்றபோது இனப்படுகொலையோடு போர்க்குற்றம், இனத்துடைப்பு, மானுடத்துக்கு எதிரான குற்றம் ஆகியவற்றையும் உடன் சேர்த்தனர். எச்சொல் பொருந்தும் என வழக்காடும் காலத்தில் உயிர்கள் போய்விடும் என்பதை ருவாண்டா 1994-இல் காட்டியது.

5. தடுப்பும் தண்டனையும்

இந்நிகழ்ச்சியின் பிற்பகுதியே நமக்குப் பெரும்பாடமாவது. சவேரியார் போர்த்துகேசிய ஆளுநரிடம் முறையிட, மன்னனைத் தண்டிக்கக் கட்டளை பிறந்தது. 1545-இல் அவர் நாகப்பட்டினத்தில் காத்திருந்தார். அந்நாளில் பெகுவிலிருந்து வந்த போர்த்துகேசியக் கப்பல் ஒன்று யாழ்ப்பாணக் கரையில் தட்டிற்று. சரக்குகள் மன்னன் கைப்பட்டன. சரக்கை மீட்கும்வரை மன்னனைப் பகைத்தல் கூடாது என்று படையெடுப்புக் கைவிடப்பட்டது. இச்செய்தி சவேரியார் தம் உடனூழியர் மான்சிலாசுக்கு எழுதிய கடிதத்தால் விளங்கும்.

1560-இல் படை வந்தது. மன்னார் போர்த்துகேசியர் வசமாயிற்று. புன்னைக்காயற் பரதவர் பலர் அங்குக் குடியேற்றப்பட்டனர். 1619-இல் யாழ்ப்பாண அரசும் வீழ்ந்தது. இறந்தோர்க்கு நீதி என்று தொடங்கியது பேரரசின் ஆதாயமாக முடிந்தது. தன்னலத்தைச் சார்ந்த நீதி, வேண்டும்போது வராது. வரும்போது நீதியாக இராது.

அனைத்துலக நீதிமன்றம் 2007-இல் பொசுனியா வழக்கில், பேரிடர் உண்டென அறிந்த பொழுதே தடுக்கும் கடமை தோன்றும் என்றும், செல்வாக்கின் அளவே கடமையின் அளவு என்றும் தெளிவாக்கியது. மன்னாரில் முன்னறிகுறிகள் இருந்தன: மக்களை அடையாளத்தால் பகுத்தல், ஒரு பகுதியினரை அயலான் கையாள் எனக் கருதல், முன்னைய வன்முறை தண்டனையின்றி நிற்றல். 1983 சூலையில் இலங்கையில் வாக்காளர் பட்டியலைக் கொண்டு தமிழர் வீடுகளைத் தேடியபோதும் இவையே காணப்பட்டன.

6. முடிவுரை

மன்னாரில் கொன்றோரும் தமிழர், மாண்டோரும் தமிழர். சங்கிலியைத் தமிழ் மன்னன் எனப் போற்றும் நாம் அக்கொலையை ஓர் அடிக்குறிப்பில் ஒதுக்குதல் தகாது. பிறர் நமக்குச் செய்த கொடுமையை வரையறை காட்டி உலகின்முன் நிறுவ விரும்புவோர், அதே அளவுகோலால் தம் வரலாற்றையும் அளத்தல் வேண்டும். அங்ஙனம் அளக்கும் ஆய்வே நம்பத்தக்கதாகும்; பின்வருவோர்க்கு முன்னெச்சரிக்கையாகவும் பயன்படும்.