கரிசல் வானம் – 9: வெள்ளிக்கு இங்கே என்ன வேலை?

அருப்புக்கோட்டையிலிருந்து திருச்சுழி வரை கண்ணை மறைக்கச் சீமைக்கருவேலத்தை விட்டால் வேறொன்றும் பெரிதாக இல்லை. கீழ்வானில் விடிவெள்ளி ஏறினால் யாருக்கும் தப்பாது. காட்டில் கிடை போட்டு ராக்காவல் இருக்கும் கீதாரிக்கு அதுதான் கடிகாரம். மொட்டு விரியுமுன் மல்லிகை பறிக்க, தலையில் லைட்டைக் கட்டிக்கொண்டு இறங்கும் பெண்களுக்கும் அது பழகிய முகம்.

இந்தக் கோளுக்கு ரோமாபுரிக்காரர்கள் வைத்த பெயர் வீனஸ். காதலுக்கும் அழகுக்கும் அவர்கள் கும்பிட்ட தெய்வம் அவள். தன் குலமே அவள் வழி வந்தது என்று சொல்லிக்கொண்ட ஜூலியஸ் சீசர், கி.மு. 46-ல் அவளுக்குக் கோயிலே கட்டினார். (குலப்பெருமை பேசி ஓட்டுக் கேட்பதை நாமா கண்டுபிடித்தோம்!) ஏப்ரல் முதல் தேதி பெண்கள் கூடி, அவள் சிலையின் நகைகளைக் கழற்றி, நீராட்டி, மறுபடி பூட்டிப் பூச்சூட்டுவார்கள். வாரத்தில் அவளுக்குரிய நாள் வெள்ளிக்கிழமை. நம் அம்மனுக்கும் அதே நாள்தான்.

கோளுக்கு ஒரு நாள் என்ற ஏழு நாள் வாரம், மேற்கிலிருந்து ஜோதிடத்தோடு சேர்ந்து இங்கே வந்தது. கிழமை குறித்த பழங்கல்வெட்டுகளில் ஒன்று மத்தியப் பிரதேசத்து ஏரணில், கி.பி. 484-ல் வெட்டப்பட்டது. அதில் இருப்பது வியாழக்கிழமை.

நாள் வந்தது, கோளின் பலனும் வந்தது. அம்மாள் மட்டும் வரவில்லை. அவள் இடத்தில் நம்மிடம் உட்கார்ந்திருப்பவர் சுக்கிராச்சாரியார். மாவலி தாரை வார்க்கப் போகையில் வண்டாகிக் கமண்டல மூக்கை அடைத்து, தர்ப்பையால் குத்துப்பட்டு ஒரு கண்ணைப் பறிகொடுத்த அசுர குரு! ஆனால் வேலை மாறவில்லை. ஜாதகத்தில் களத்திரகாரகன் அவர்தான். சூரியனை நெருங்கி அவர் மறைந்திருக்கும் நாட்களில் கல்யாணம் கூடாது என்கிறது பஞ்சாங்கம். அவருடைய திசை 20 வருஷம். எவனுக்காவது திடீரென்று காசு கொட்டினால், 'சுக்கிர திசைடா அவனுக்கு' என்று டீக்கடையில் பேச்சு வரும். இத்தனை அதிகாரம் இருந்தும் மனசு விஷயத்தை அவரிடம் யாரும் கொண்டுபோவதில்லை. அதற்குத் தனி ஆள்: மன்மதன்.

இதே மாவட்டத்தில், மேற்கே ஸ்ரீவில்லிபுத்தூர் ஆண்டாள் இருவரையும் குழப்பிக்கொள்ளவே இல்லை. திருப்பாவையின் 13-ஆம் பாட்டில் வெள்ளி உதித்து வியாழன் மறைந்ததைச் சொல்லித் தோழியை எழுப்புகிறாள். கீதாரியைப் போல அவளுக்கும் வெள்ளி பொழுது காட்டி, அவ்வளவுதான். அந்தக் கோள்நிலையைக் கணக்கிட்டு மு. இராகவையங்கார் சொன்ன ஆண்டு கி.பி. 731, வேறு ஆண்டு சொன்னவர்களும் உண்டு.

காதல் என்று வந்ததும் வானத்தைப் பார்க்காமல் காமனிடம் போகிறாள். நாச்சியார் திருமொழியின் முதல் பத்து முழுக்க அந்த நோன்புதான். தை மாதத்தில் தரையைத் துப்புரவாக்கி மண்டலமிடுகிறாள். சுவரில் அவன் பெயரை எழுதி, சுறாக்கொடி, குதிரை, கவரி வீசும் பெண்கள், கரும்பு வில் என்று எல்லாம் வரைகிறாள். நெல், கரும்பு, வெல்லம், அரிசி, அவல் படையல். அவளுக்கோ ஒரு வேளைச் சோறு, உலர்ந்த தலை, வெளுத்த உதடு. மனிதன் ஒருவனுக்கு என்று பேச்செடுத்தாலே உயிரோடு இருக்கமாட்டேன் என்கிறாள்.

கெஞ்சல் எடுபடாமல் போகுமோ என்று மிரட்டலும் உண்டு. கண்ணனிடம் என்னைச் சேர்க்காவிட்டால் அழுது அலமருவேன். அந்தப் பழி, உழுகிற மாட்டை நுகத்தடியால் அடித்துத் தீனி போடாமல் விரட்டியதற்குச் சமம் என்று காமனிடம் சொல்லிவிடுகிறாள். மாட்டை நம்பிப் பிழைத்த சீமையில் இதைவிட உறைக்கிற ஏச்சு கிடையாது.