தாடியைப் படிப்பவர்

மாட்டுங்கா மார்க்கெட் பக்கம் வாருங்கள். காலை நேரம். பூக்கடை ஓரமாகக் கொஞ்சம் நில்லுங்கள். வருகிறவர், போகிறவர் முகங்களைப் பாருங்கள். கண்ணைப் பார்க்க வேண்டாம். மூக்கைப் பார்க்க வேண்டாம். தாடையை மட்டும் பாருங்கள்.

ஒருவர் முகம் வழவழவென்று இருக்கிறது. இன்று காலைதான் சவரம் செய்திருக்கிறார். அடுத்தவருக்கு நாலு நாள் தாடி. இன்னொருவர் கறுப்பு வேட்டி கட்டியிருக்கிறார். கழுத்தில் மாலை. அவர் சபரிமலைக்குப் போக விரதம் இருக்கிறார். விரதம் முடியும் வரை சவரம் செய்ய மாட்டார்.

அதோ, தலைப்பாகை கட்டிய சீக்கியர் வருகிறார். பக்கத்தில் குரு தேக் பகதூர் நகரில் சீக்கியக் குடும்பங்கள் உண்டு. 1947-இல் நாடு பிரிந்தபோது பலர் அங்கே அகதிகளாக வந்து குடியேறினார்கள். முடியை வெட்டக் கூடாது என்பது அவர்கள் மத நெறி. அவருக்குப் பின்னால் ஒரு முஸ்லிம் பெரியவர். மீசையை ஒட்ட வெட்டியிருக்கிறார். தாடி வளர்த்திருக்கிறார்.

இவர்கள் யாரும் நம்மிடம் பேசவில்லை. ஆனாலும் அவர்கள் தாடி நமக்கு ஏதோ சொல்லிவிட்டது. அப்படியானால் தாடியையும் படிக்கலாம் அல்லவா?

படிக்கலாம். அந்தப் படிப்புக்கு ஒரு பெயரும் உண்டு.

ஒரு புதிய சொல்

அந்தப் பெயர் போகோனாலஜி. வாய்க்குள் நுழையவில்லையா? எழுத்துக் கூட்டிப் படியுங்கள். போ - கோ - னா - ல - ஜி.

இது கிரேக்க மொழியிலிருந்து வந்த சொல். கிரேக்க மொழியில் 'போகோன்' என்றால் தாடி. 'லோகோஸ்' என்றால் சொல், அறிவு. இரண்டும் சேர்ந்தால் தாடியைப் பற்றிய அறிவு. தமிழில் 'தாடியியல்' என்று சொல்லலாம். உயிரைப் பற்றிய படிப்பு உயிரியல். தாடியைப் பற்றிய படிப்பு தாடியியல். இதைப் படிப்பவரைப் போகோனாலஜிஸ்ட் என்பார்கள். நாம் தாடி ஆய்வாளர் என்போம்.

இந்தச் சொல் இன்று நேற்று வந்ததல்ல. 1786-ஆம் ஆண்டு பிரான்ஸ் நாட்டில் துய்லோர் என்பவர் ஒரு புத்தகம் எழுதினார். அதன் பெயரே 'போகோனாலஜி'. எந்த நாட்டில் யார் தாடி வைத்தார்கள், யார் எடுத்தார்கள் என்பதுதான் அந்தப் புத்தகம்.

தாடிக்கென்று தனி டாக்டர் எந்த ஆஸ்பத்திரியிலும் உட்கார்ந்திருப்பதில்லை. தோல் டாக்டர் தாடியின் நோயைப் படிக்கிறார். வரலாறு எழுதுபவர் தாடியின் கதையைப் படிக்கிறார். இன்னொருவரும் இருக்கிறார். தினமும் பல தாடிகளைத் தொட்டுப் பார்ப்பவர். அவர் நம் தெருவில் முடி திருத்துபவர்.

தாடி சொல்லும் சேதி

நம் வழக்கத்தில் தாடிக்குப் பல அர்த்தம். வீட்டில் துக்கம் என்றால் சிலர் சவரம் செய்ய மாட்டார்கள். மனைவி பிள்ளைத்தாய்ச்சியாக இருக்கும்போது சவரம் செய்யாதவர்களும் உண்டு. சினிமாவில் காதல் தோற்றால் போதும். அடுத்த காட்சியிலேயே கதாநாயகனுக்குத் தாடி வந்துவிடும்!

திருவள்ளுவர் படத்தைப் பார்த்திருப்பீர்கள். நீண்ட தாடி. அவர் காலத்தில் யாரும் அவரைப் படம் வரைந்து வைக்கவில்லை. இப்போது நாம் பார்க்கும் படம் ஓவியர் வேணுகோபால் சர்மா வரைந்தது. 1964-இல் அந்தப் படம் தமிழ்நாடு சட்டமன்றத்தில் திறந்து வைக்கப்பட்டது. அறிவாளி என்றால் தாடி இருக்கும் என்று நம் மனம் நினைக்கிறது. அதனால் அந்த முகம் நமக்குப் பொருத்தமாகத் தெரிகிறது.

ஆனால் தாடியை மட்டும் பார்த்து ஒரு மனிதரை எடை போட்டுவிடக் கூடாது. நாலு நாள் தாடியோடு ஒருவர் நிற்கிறார். அவருக்குத் துக்கமா? விரதமா? காய்ச்சலா? கையில் காசு இல்லையா? கேட்டால்தான் தெரியும்.

தாடி எப்படி வளர்கிறது?

நம் உடம்பில் சில சுரப்பிகள் இருக்கின்றன. அவற்றிலிருந்து ஹார்மோன் என்ற நீர் சுரந்து ரத்தத்தில் கலக்கிறது. பையன்களுக்கு வயது வரும்போது டெஸ்டோஸ்டிரோன் என்ற ஹார்மோன் அதிகமாகச் சுரக்கிறது. குரல் உடைகிறது. மீசை அரும்புகிறது. பிறகு தாடி வருகிறது.

தாடி ஒரு நாளில் ஒரு மில்லி மீட்டரில் மூன்றில் ஒரு பங்கு அளவு வளரும். ஒரு மாதத்தில் சுமார் ஒரு சென்டி மீட்டர். சபரிமலை விரதம் 41 நாள். அதற்குள் தாடி எவ்வளவு வளரும்? கணக்குப் போட்டுப் பாருங்கள். சுமார் ஒன்றரை சென்டி மீட்டர் வரும்.

தாடியைப் பற்றிப் பல தவறான எண்ணங்கள் இருக்கின்றன. மூன்றைப் பார்ப்போம்.

ஒன்று. அடிக்கடி சவரம் செய்தால் தாடி அடர்த்தியாக வளரும் என்பார்கள். அது சரியல்ல. 1928-ஆம் ஆண்டிலேயே அமெரிக்காவில் மில்ட்ரட் டிராட்டர் என்ற பெண் ஆய்வாளர் இதைச் சோதித்துப் பார்த்தார். சவரத்தால் முடி தடிமனாகவும் இல்லை, வேகமாகவும் வளரவில்லை. பிறகு ஏன் அப்படித் தெரிகிறது? தானாக வளர்ந்த முடியின் நுனி கூராக இருக்கும். வெட்டிய முடியின் நுனி மொட்டையாக இருக்கும். கையால் தடவினால் குத்தும். அவ்வளவுதான்.

இரண்டு. தாடி குறைவாக இருந்தால் ஆண்மை குறைவு என்று கேலி செய்வார்கள். இதுவும் தவறு. தாடியின் அடர்த்தி பெரும்பாலும் பரம்பரையாக வருவது. அப்பாவுக்கும் தாத்தாவுக்கும் தாடி குறைவு என்றால் மகனுக்கும் குறைவாக இருக்கலாம். அதில் வெட்கப்பட ஒன்றும் இல்லை.

பெண்களுக்கும் அந்த ஹார்மோன் கொஞ்சம் சுரக்கிறது. சில பெண்களுக்குத் தாடையில் முடி வளர்வது அதனால்தான். அதை மறைத்து மறைத்து மனம் நோக வேண்டாம். முடி திடீரென்று அதிகமானால், மாதவிலக்கும் தவறி வந்தால், டாக்டரிடம் காட்டுங்கள். மருந்து இருக்கிறது.

மூன்று. தாடியில் காசு அளவுக்கு வட்டமாக முடி கொட்டும். இதைப் புழுவெட்டு என்கிறோம். புழு எதுவும் அங்கே இல்லை. நோயை எதிர்க்க வேண்டிய நம் உடம்பின் சக்தியே தவறாக முடியின் வேரைத் தாக்குகிறது. இது ஒருவரிடமிருந்து ஒருவருக்குத் தொற்றாது. 'அந்தக் கடையில் சவரம் செய்தேன், புழுவெட்டு வந்துவிட்டது' என்று கடைக்காரர் மேல் பழி போடக் கூடாது.

படர்தாமரை வேறு. அது தொற்றும். தாடியிலும் வரும். ஒருவர் துடைத்த துண்டால் இன்னொருவர் துடைத்தால் பரவும். மாடு, கன்றிடமிருந்தும் வரும். சிவந்து, அரித்து, சீழ் வைத்தால் உடனே டாக்டரிடம் போக வேண்டும்.

தாடி யாருக்குச் சொந்தம்?

இப்போது ஒரு ராஜா கதை. இது நடந்த கதை.

ருஷ்யாவில் பீட்டர் என்ற மன்னர் இருந்தார். 1698-இல் ஐரோப்பிய நாடுகளைச் சுற்றிப் பார்த்துவிட்டு ஊர் திரும்பினார். 'நம் நாட்டவரும் அவர்களைப் போல இருக்க வேண்டும்' என்றார். பிரபுக்களின் தாடியைத் தன் கையாலேயே வெட்டினார். 1705-இல் தாடிக்கு வரி போட்டார். தாடி வேண்டுமென்றால் பணம் கட்ட வேண்டும். கட்டியவருக்கு ஒரு செப்புக் காசு கொடுப்பார்கள். அதில் மீசையும் தாடியும் பொறித்திருக்கும். அதுதான் ரசீது! இந்த வரி 1772-இல்தான் நீங்கியது.

சிரிப்பு வருகிறது. ஆனால் யோசித்துப் பாருங்கள். என் முகத்து முடியை வைக்கலாமா, எடுக்கலாமா என்று இன்னொருவர் கட்டளை போட்டால் எப்படி இருக்கும்?

நம் நாட்டிலும் அப்படி ஒரு கட்டளை இருந்தது. அது பெண்கள் தலைமேல் விழுந்தது. சில சாதிகளில் கணவன் இறந்தால் மனைவியின் தலையை மழித்தார்கள். சின்னப் பெண்ணாக இருந்தாலும் விடவில்லை. அவள் சம்மதத்தை யாரும் கேட்கவில்லை.

1890-ஆம் ஆண்டு. இதே பம்பாய் நகரம். இங்கே முடி திருத்தும் தொழிலாளர்கள் கூடினார்கள். ஆலைத் தொழிலாளர் தலைவர் நாராயண் மேகாஜி லோகண்டே அவர்களோடு நின்றார். 'இனி எந்த விதவையின் தலையையும் நாங்கள் மழிக்க மாட்டோம்' என்று தொழிலாளர்கள் முடிவு செய்தார்கள். கூலி போனாலும் பரவாயில்லை என்று நின்றார்கள். பெரிய படிப்புப் படித்தவர்கள் பலர் சும்மா இருந்த காலம் அது. கத்தி பிடித்த கைதான் 'முடியாது' என்றது.

தமிழ்நாட்டில் இந்தத் தொழிலாளர்களுக்கு மருத்துவர் என்றும் பெயர் உண்டு. ஏன் தெரியுமா? அந்தக் காலத்தில் அவர்கள் கட்டி அறுத்தார்கள். புண்ணுக்கு மருந்து போட்டார்கள். அவர்கள் வீட்டுப் பெண்கள் பிரசவம் பார்த்தார்கள். இப்படிப்பட்டவர்களை ஊர் மரியாதையாக நடத்தவில்லை. வயதில் பெரியவரைக்கூட 'வாடா, போடா' என்று கூப்பிட்டது. அந்தப் பழக்கம் நம்மிடம் இருக்கக் கூடாது.

ஒரு முகத்துக்கு ஒரு பிளேடு

முன்பு கடையில் ஒரே கத்திதான். அதைத் தோல் வாரில் தீட்டித் தீட்டி எல்லோருக்கும் சவரம் செய்தார்கள். பிறகு தூக்கி எறியும் பிளேடு வந்தது. அமெரிக்காவில் ஜில்லெட் என்பவர் 1904-இல் அதற்குக் காப்புரிமை வாங்கினார். இன்று கடைகளில் ஒரு பிளேடை இரண்டாக உடைத்து, பாதியைக் கத்தியில் செருகுகிறார்கள். பாதி பிளேடு போதும். அதில் தவறில்லை. ஆனால் அந்தப் பாதி, ஒருவர் முகத்தில் மட்டும்தான் படவேண்டும்.

ஏன்? சவரம் செய்யும்போது தோலில் சின்னச் சின்னக் கீறல் விழும். கண்ணுக்குத் தெரியாது. ஆனால் பிளேடில் ரத்தம் ஒட்டும். அந்த ரத்தத்தில் ஹெபடைடிஸ் பி என்ற நோய்க் கிருமி இருக்கலாம். அது கல்லீரலைக் கெடுக்கும். அந்தக் கிருமி உடம்புக்கு வெளியே 7 நாள் வரைகூட உயிரோடு இருக்கும். நேற்று ஒருவருக்குப் போட்ட பிளேடை இன்று உங்களுக்குப் போட்டால் என்ன ஆகும்? ஹெபடைடிஸ் சி, எச்.ஐ.வி. கிருமிகளும் ரத்தத்தில் இருப்பவைதான். பிளேடைத் தண்ணீரில் அலசினால் போதாது.

படிகாரக் கல்லும் அப்படித்தான். ஒரே கல்லைப் பல பேர் முகத்தில் தேய்க்கக் கூடாது. வீட்டில் அண்ணன் தம்பி என்றாலும் ஒரே ரேசரைப் பகிர்ந்துகொள்ளக் கூடாது.

கடையில் கேட்கக் கூச்சமா? இதோ, இப்படிக் கேளுங்கள்.

"அண்ணாச்சி, புது பிளேடு போடுங்க. என் கண் முன்னாலேயே பிரிங்க."

"அதுக்கென்ன தம்பி, பாருங்க. காகிதத்தைப் பிரிக்கிறேன்."

கடைக்காரர் இந்தி பேசுபவரா? "பையா, நயா பிளேடு லகாவோ" என்று சொல்லுங்கள். நல்ல கடைக்காரர் கோபப்பட மாட்டார். கீறல் விழுந்தால் அவர் கைக்கும் ஆபத்து அல்லவா?

இன்னொன்று. பழைய பிளேடை அப்படியே குப்பையில் போடாதீர்கள். நம் குப்பை தாராவிக்கும் போகிறது. அங்கே பெண்களும் ஆண்களும் கையால்தான் பிரிக்கிறார்கள். உங்கள் பிளேடு அவர்கள் விரலை வெட்டும். ஒரு தகர டப்பாவில் சேர்த்து வையுங்கள். நிறைந்ததும் மூடி ஒட்டி, 'பிளேடு' என்று எழுதுங்கள். உங்களுக்குத்தான் எழுதத் தெரியுமே! குப்பை எடுப்பவர் கையில் சொல்லிக் கொடுங்கள்.

ஹெபடைடிஸ் பி நோயைத் தடுக்கத் தடுப்பூசி இருக்கிறது. குழந்தை பிறந்த 24 மணி நேரத்துக்குள் முதல் ஊசி போட வேண்டும். அரசு ஆஸ்பத்திரியிலும் மாநகராட்சி ஆஸ்பத்திரியிலும் இது இலவசம். பெரியவர்களும் போட்டுக்கொள்ளலாம். டாக்டரைக் கேளுங்கள். எச்.ஐ.வி. பற்றி ஏதாவது கேட்க வேண்டுமா? 1097 என்ற எண்ணுக்குப் போன் செய்யுங்கள். காசு இல்லை.

தாடி வைப்பதும் எடுப்பதும் உங்கள் விருப்பம். ஆனால் எடுக்கும்போது பிளேடு புதிதாக இருக்கட்டும்.

கலந்து பேசுவோம்

1. உங்கள் வீட்டில் எப்போது சவரம் செய்ய மாட்டார்கள்? ஏன்?
2. தாடியைப் பற்றி நீங்கள் நம்பியிருந்த எது தவறு என்று இப்போது தெரிந்தது?
3. உங்கள் தெருக் கடையில் ஒவ்வொருவருக்கும் புது பிளேடு போடுகிறார்களா? போடாவிட்டால் எல்லோரும் சேர்ந்து என்ன செய்யலாம்?